வறண்ட சீமையின் பெண்கள் – 9: சைக்கிள் வந்த வருஷம்

சென்ற பகுதியில் கொடும்பாளூரில் நின்றிருந்தோம். பூதி விக்கிரமகேசரி தன் பெயரிலும், தன் தேவியர் கற்றளி, வரகுணை ஆகியோர் பெயரிலும் எடுப்பித்த மூவர் கோயிலைப் பார்த்தோம். அதே இருக்குவேளிர் குடியில் பிறந்து, சோழ இளவரசன் அரிகுலகேசரிக்கு வாழ்க்கைப்பட்ட பூதி ஆதித்த பிடாரி திருச்செந்துறையில் எழுப்பிய கற்கோயிலையும் பார்த்தோம். அவர்கள் அரச குலத்துப் பெண்கள். கல்லில் பெயர் வெட்டிவைக்க அவர்களுக்குப் பொன்னும் இருந்தது, சிற்பியும் இருந்தான். இந்தப் பகுதியில், அதே மண்ணில் தண்ணீர்க் குடம் சுமந்தவர்களிடமும் கல் உடைத்தவர்களிடமும் வருகிறேன். கோயில்கள் கட்டியவர்களைவிட அவர்களைப் பற்றி எழுதுவது கடினம். அதனாலேயே எழுத வேண்டும் என்று தோன்றுகிறது.

முதலில் இடத்தைச் சொல்லிவிடுகிறேன். குளத்தூர் இன்று புதுக்கோட்டை மாவட்டத்தில் ஒரு சிறிய ஊர். தாலுகாவுக்குப் பெயர் கொடுத்தது அந்த ஊர்தான், ஆனால் தாலுகா அலுவலகம் இருப்பது கீரனூரில். ஒரு காலத்தில் குளத்தூருக்கென்று தனிப் பாளையமே இருந்தது. புதுக்கோட்டைத் தொண்டைமான்களின் பங்காளி மரபொன்று அங்கிருந்து ஆண்டது. 18-ஆம் நூற்றாண்டின் நடுவில் அது புதுக்கோட்டையோடு சேர்ந்துவிட்டது. பிறகு புதுக்கோட்டை சமஸ்தானத்தில் ஆலங்குடி, திருமயம், குளத்தூர் என்று மூன்று தாலுகாக்கள். அந்தப் பழைய குளத்தூர் தாலுகா பெரியது. நார்த்தாமலை, சித்தன்னவாசல், குடுமியான்மலை, கொடும்பாளூர், விராலிமலை எல்லாம் அதற்குள் அடக்கம். இந்தப் பகுதியில் நான் குளத்தூர்ச் சீமை என்று சொல்வது அந்தப் பழைய எல்லையைத்தான்.

அந்தச் சீமையில் காவிரி பாயவில்லை. திருச்சியில் ஆறு நிறைந்து ஓடும்போதும், தெற்கே ஓரிரு மணி நேரப் பயணத்தில் இருக்கும் இந்த மேட்டு நிலம் வானத்தைத்தான் பார்த்துக் கிடக்கும். புதுக்கோட்டை மாவட்டம் முழுவதிலும் சிறிதும் பெரிதுமாக ஐயாயிரத்துக்கு மேற்பட்ட கண்மாய்கள் உண்டு. அத்தனை கண்மாய் வெட்டியிருக்கிறார்கள் என்பதே, ஒவ்வொரு சொட்டும் எவ்வளவு அருமையாக இருந்தது என்பதற்குச் சான்று. செம்மண், சரளை, இடையிடையே பாறைக் குன்று. மழை பெய்த வருஷம் நெல், பெய்யாத வருஷம் வரகும் கேழ்வரகும் கடலையும். இந்த நிலத்தில் குடிக்கத் தண்ணீர், அடுப்புக்கு விறகு, ஆட்டுக்குத் தழை எல்லாமே நடந்து போய்க் கொண்டுவர வேண்டியவை. நடந்தவர்கள் பெண்கள்.

பெண்களின் வரலாற்றை எழுதுபவர்கள் பெரும்பாலும் ஒரே பாதையில் சொல்லிக்கொண்டு போகிறார்கள். பெண் வீட்டுக்குள் அடைந்து கிடந்தாள், பிறகு கல்வி வந்தது, சீர்திருத்தம் வந்தது, அவள் வெளியே வந்தாள் என்று. நிலமும் ஆள்காரர்களும் இருந்த வீடுகளுக்கு அது பொருந்தலாம். குளத்தூர்ச் சீமையின் உழைக்கும் பெண்ணுக்கு அது பொருந்தாது. அவள் எப்போதும் வெளியேதான் இருந்தாள். விடியும் முன்னே ஊருணிக்கு, விடிந்ததும் நாற்றங்காலுக்கு, உச்சி வெயிலில் களை பிடுங்க, பொழுது சாய விறகுக்கட்டோடு வீட்டுக்கு. அவள் நடந்த தூரத்துக்குக் குறைவே இல்லை. ஆனால் அந்த நடை எதுவும் அவளுக்காக நடந்ததில்லை. எங்கே போக வேண்டும், எப்போது திரும்ப வேண்டும், யாரோடு போக வேண்டும் என்பதைக் குடும்பமும் பண்ணையும் ஊரும் முடிவு செய்தன. தன் வேலையாக, தன் விருப்பமாக ஒரு பெண் பக்கத்து ஊருக்குத் தனியே போய்வருவது எப்போது சாத்தியமாயிற்று? இந்தச் சீமையின் பெண்கள் வரலாற்றில் என்னை இழுத்துப் போகும் கேள்வி அதுதான்.

குடுமியான்மலைக்குப் போனவர்களுக்குத் தெரியும், அங்கே மலைச்சரிவில் பொறித்திருக்கும் இசைக் கல்வெட்டுக்கு உலகப் புகழ். அந்த ஊர்ப் பெயருக்கு ஒரு கதை சொல்வார்கள். கோயில் குருக்கள் தனக்குப் பிரியமான பெண்ணுக்கு சாமியின் பூவைக் கொடுத்துவிடுகிறார். அரசன் திடீரென்று வந்து நிற்கிறான். அவசரத்தில் அவள் தலையிலிருந்தே பூவை வாங்கி அரசனுக்குக் கொடுக்க, அதில் நீளமாக ஒரு முடி. சாமிக்கே குடுமி உண்டு என்று குருக்கள் சொல்லித் தப்பிக்க, சாமியும் பக்தனுக்காகக் குடுமியோடு காட்சி கொடுத்தார் என்று கதை முடிகிறது. கதையில் குருக்கள் பிழைத்தார், அரசன் வணங்கினான், ஆண்டவனுக்குப் புதுப் பெயர் கிடைத்தது. யாருடைய முடியால் இத்தனையும் நடந்ததோ அந்தப் பெண்ணுக்குப் பெயரே கிடையாது.

ஆனால் அதே கோயிலில் ஒரு கல்வெட்டு இருக்கிறது. உமையாள்வி என்ற தேவரடியார், கோயிலிடமிருந்து நிலத்தை விலை கொடுத்து வாங்கி, அங்கே அம்மனை எழுந்தருளச் செய்த செய்தியை அது சொல்கிறது. சொந்தப் பொன், சொந்தக் கிரயம், சொந்தப் பெயர். இடைக்காலக் கோயில்களில் தேவரடியார்கள் நிலம் வாங்கினார்கள், விளக்குக்குப் பொன் வைத்தார்கள், கோயில் திருப்பணியில் தங்கள் பெயரைப் பொறித்தார்கள் என்பதற்குத் தமிழகம் முழுவதும் கல்வெட்டுகள் உண்டு. ஊர்க் கதை மறந்த பெண்ணைக் கல்வெட்டு நினைவில் வைத்திருக்கிறது. பின்னாளில் தேவதாசி என்ற சொல்லுக்கு ஏறிய இழிவை மட்டும் வைத்து அந்தப் பழைய நூற்றாண்டுகளைப் பார்க்கக் கூடாது. அந்தப் பழைய பெருமையை மட்டும் வைத்துப் பின்னாளில் நடந்ததை மூடவும் கூடாது.

பின்னாளில் நடந்ததைப் பார்க்க விராலிமலைக்குப் போக வேண்டும். முருகன் கோயில், மயில்கள், குறவஞ்சி நாடகம் என்று பெயர் பெற்ற மலை. அங்கே 32 தேவதாசிகள் கோயில் பணியில் இருந்தார்கள். அவர்களில் கடைசியாக நம்மிடையே வாழ்ந்து, சதிராட்டத்தின் நினைவைக் காத்து, 2022-ஆம் ஆண்டு பத்மஸ்ரீ விருது பெற்றவர் முத்துக்கண்ணம்மாள். ஏழு வயதில் கோயிலுக்கென்று பொட்டுக்கட்டப்பட்டவர். நட்டுவனாரான தந்தையிடமே பயின்றவர். காலையும் மாலையும் மலைப்படி ஏறிச் சாமிக்கு முன் பாடி ஆடுவது அவர்களுடைய அன்றாடம். அந்த ஆட்டமும் பாட்டும் பல தலைமுறைப் பெண்களின் உழைப்பில் விளைந்த பெரிய கலை. அதே சமயம், ஏழு வயதுக் குழந்தையிடம் உன் வாழ்க்கை இப்படித்தான் என்று யாரோ முடிவு செய்து சொன்னதும் அதே கோயில் வாசலில்தான்.

அந்த முடிவை எதிர்த்துச் சட்டமன்றத்தில் குரல் கொடுத்தவர் புதுக்கோட்டையிலேயே பிறந்தார் என்பது இந்த மண்ணின் பெரும் பேறு. முத்துலட்சுமி 1886 ஜூலை 30 அன்று பிறந்தார். தந்தை நாராயணசாமி ஐயர் மகாராஜா கல்லூரியில் முதல்வராக இருந்தவர். தாய் சந்திரம்மாள், கோயிலோடும் இசையோடும் பிணைந்த குலத்தில் பிறந்தவர். வீட்டிலேயே படித்து மெட்ரிகுலேஷன் தேறிய முத்துலட்சுமி, ஆண்கள் மட்டும் படித்த மகாராஜா கல்லூரியில் சேர விண்ணப்பித்தபோது ஊரில் எதிர்ப்பு கிளம்பியது. மன்னர் மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் அந்த எதிர்ப்பை மீறி இடம் கொடுத்தார். அங்கிருந்து 1907-ல் சென்னை மருத்துவக் கல்லூரி, 1912-ல் டாக்டர் பட்டம், 1927-ல் சென்னை மாகாணச் சட்ட மேலவையில் உறுப்பினர், அதன் துணைத் தலைவர். தேவதாசி முறையை ஒழிக்க வேண்டும் என்று அவையில் அவர் தொடங்கிய போராட்டம் சட்டமாக நிறைவேற 1947 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. இடையில் அவ்வை இல்லம் தொடங்கினார். 1954-ல் புற்றுநோய் மருத்துவமனை. இவ்வளவும் தமிழ் வாசகர்களுக்குத் தெரிந்ததுதான், அதனால் விரிக்கவில்லை.

ஒன்றை மட்டும் சேர்க்கிறேன், பலரும் கவனிக்காதது. 1947-ஆம் ஆண்டுச் சட்டம் சென்னை மாகாணத்தின் சட்டம். புதுக்கோட்டை அப்போது அந்த மாகாணத்துக்குள் இல்லை. தனி சமஸ்தானம். 1948 மார்ச் 3 அன்றுதான் அது இந்திய ஒன்றியத்தோடு இணைந்து திருச்சி மாவட்டத்தில் சேர்ந்தது. சட்டத்துக்காகப் போராடிய பெண் பிறந்த ஊர், அந்தச் சட்டம் பிறந்தபோது அதன் எல்லைக்கு வெளியே இருந்தது. விராலிமலையும் அப்படித்தான்.

முத்துலட்சுமி கல்லூரிக்குப் போனதால் கீரனூர்ப் பக்கத்துப் பெண்ணுக்கு என்ன கிடைத்தது என்று கேட்டால், உடனே எதுவும் கிடைக்கவில்லை என்பதே நேர்மையான பதில். புதுக்கோட்டை நகரத்தில் ராணியார் பெயரில் பெண்கள் பள்ளி வந்தது, மகப்பேறு மருத்துவமனை வந்தது. இன்றும் அந்தப் பெயர்களோடே இரண்டும் இருக்கின்றன. நகரத்துப் பெண்ணுக்கு அவை பெரிய வரம். குளத்தூர்ச் சீமையின் குடியானவப் பெண்ணுக்கு நகரமே தொலைவு. 1929-ல் திருச்சிக்கும் புதுக்கோட்டைக்கும் இடையே ரயில் பாதை போட்டார்கள், கீரனூரிலும் வண்டி நின்றது. ஆனால் ரயிலடிக்கு வந்து சேர அவளுக்கு வழியும் வேண்டும், காரணமும் வேண்டும், கையில் காசும் வேண்டும். தெய்வத் திருவிழா, உறவில் கல்யாணம், சாவு என்று ஏதாவது இருந்தால் குடும்பத்தோடு மாட்டு வண்டியில். மற்றபடி அவள் உலகம் நடந்து போய்த் திரும்பும் தூரம்தான்.

சுதந்திரம் வந்தது, பஸ் வந்தது. 1974-ல் புதுக்கோட்டை தனி மாவட்டமும் ஆயிற்று. கண்மாய்களின் மேட்டில் சீமைக்கருவேலம் மண்டியது, காட்டு நிலங்களில் தைல மரம் நட்டார்கள். விறகு பொறுக்கும் இடம் மாறியது, பொறுக்கியவர்கள் மாறவில்லை. குன்றுகளில் குவாரிகள் பெருகின. ஆண் பாறையைத் தகர்க்க, பெண் உட்கார்ந்து ஜல்லி உடைத்தாள். திருச்சி, புதுக்கோட்டை வட்டாரத்தில் செயற்கை வைரக்கல்லுக்குப் பட்டை தீட்டும் குடிசைத் தொழில் பரவியபோது, கண்ணைச் சுருக்கிக்கொண்டு சக்கரத்தின் முன் உட்கார்ந்தவர்களிலும் பெண் பிள்ளைகள் நிறைய. ஊருக்கு ஒரு நாளைக்கு இரண்டு முறை வரும் பஸ், அதற்காகப் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு புளிய மரத்தடியில் காத்திருப்பு, பஸ்ஸை விட்டால் அன்றைய கூலி போச்சு. 1990 வரைக்கும் இதுதான் நிலை.

1991-ல் புதுக்கோட்டையில் அறிவொளி இயக்கம் தொடங்கியது. அதற்கு முன்பே 1990-ல் கேரளத்து எர்ணாகுளம் முழு எழுத்தறிவு பெற்ற மாவட்டமாக அறிவிக்கப்பட்டு நாடெங்கும் நம்பிக்கை எழுந்திருந்தது. தேசிய எழுத்தறிவு இயக்கத்தின் உதவியோடு, தமிழ்நாடு அறிவியல் இயக்கத்தின் தோழர்கள் முன்னின்று மாவட்டம் மாவட்டமாக அறிவொளியை எடுத்துச் சென்றார்கள். புதுக்கோட்டையில் அப்போது ஆட்சியர் ஷீலா ராணி சுங்கத். அவருடைய உறுதி இல்லாமல் பிறகு நடந்தது நடந்திருக்காது. ஆட்சியர் ஒருவர் மட்டும் நினைத்து நடந்ததும் இல்லை. ஊர் ஊராகப் போய், இரவில் அரிக்கேன் விளக்கு வைத்து, கூலி வேலை முடிந்து களைத்து வந்த பெண்களை உட்காரவைத்து அ, ஆ சொல்லிக் கொடுத்த ஆயிரக்கணக்கான தொண்டர்கள்தான் அதன் முதுகெலும்பு. பள்ளி இறுதி வரை படித்துவிட்டு வீட்டில் இருந்த இளம்பெண்கள் அவர்களில் மிகுதி.

சிக்கல் அங்கேதான் தொடங்கியது. பாடம் சொல்லும் பெண் மாலையில் அடுத்த ஊர் மையத்துக்குப் போய்ப் பார்த்துத் திரும்ப வேண்டும். பஸ் கிடையாது. அண்ணனோ தம்பியோ கூட்டிப்போக வேண்டும், இல்லாவிட்டால் போக முடியாது. எழுத்தை எடுத்துச் செல்ல வந்தவளுக்கே நடமாட்டம் அடுத்தவர் தயவில் இருந்தது. இந்த முட்டுக்கட்டைக்கு அவர்கள் கண்ட விடை மிக எளியது. பெண்களுக்கு சைக்கிள் ஓட்டக் கற்றுக்கொடுப்பது. அதையும் எழுத்தறிவுப் பாடத்தின் ஒரு பகுதியாகவே ஆக்கிவிட்டார்கள்.

இன்று படிக்கும்போது இது சாதாரணமாகத் தோன்றலாம். அன்று அந்த ஊர்களில் வயது வந்த பெண் சைக்கிளில் ஏறினால் கேலி செய்யாத திண்ணை கிடையாது. காது கூசும் பேச்சு, பின்னால் ஓடிவரும் பையன்கள், சேலை சக்கரத்தில் மாட்டும் என்ற பயமுறுத்தல். இதையெல்லாம் தாங்கிக்கொண்டு ஒருத்தி மட்டும் ஏறியிருந்தால் அவள் கதை ஊரின் வாய்க்கு இரையாகியிருக்கும். அறிவொளி செய்த பெரிய காரியம், அதை ஊரறிந்த ஒரு இயக்கத்தின் காரியமாக மாற்றியது. ஞாயிற்றுக்கிழமை பயிற்சி முகாம், அதற்குத் திருவிழாவுக்குப் போவதுபோல நல்ல சேலை உடுத்தி வந்த பெண்கள், கற்றுக்கொண்டவள் அடுத்தவளுக்குக் கேரியரைப் பிடித்துக்கொண்டே பின்னால் ஓடுவது. அறிவொளியின் கலைஞரான முத்து பாஸ்கரன் சைக்கிள் கற்க அழைத்து எழுதிய பாட்டு அந்த முகாம்களின் கீதம் ஆயிற்று. கேலி பேசியவர்கள் ஒரு பெண்ணைப் பார்த்துப் பேசலாம். ஐம்பது பெண்கள் பாட்டுப் பாடிக்கொண்டு வரும்போது என்ன பேச முடியும்?

1992-ஆம் ஆண்டு உலக மகளிர் தினத்தை ஒட்டி புதுக்கோட்டை நகரத் தெருக்களில் 1,500-க்கும் மேற்பட்ட பெண்கள் ஹேண்டில்பாரில் கொடி கட்டி, மணி அடித்துக்கொண்டு சைக்கிளில் போனார்கள். அப்படி ஒரு ஊர்வலத்தை அந்த நகரம் அதற்கு முன் கண்டதில்லை. பத்திரிகையாளர் பி. சாய்நாத் அந்த மாவட்டத்தில் சுற்றி எழுதிய கட்டுரையும், 1996-ல் வந்த அவருடைய நூலும் இந்தச் செய்தியை உலகம் முழுக்கக் கொண்டுபோயின. ஒன்றரை ஆண்டுக்குள் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட கிராமத்துப் பெண்கள் சைக்கிள் ஓட்டக் கற்றார்கள் என்று அவர் எழுதினார். பத்து வயதுக்கு உட்பட்ட சிறுமிகளைக் கழித்துவிட்டுப் பார்த்தால், மாவட்டத்தின் கிராமப் பெண்களில் நான்கில் ஒரு பங்குக்கு மேல். அதே 1996-ல் வெங்கடேஷ் ஆத்ரேயாவும் ஷீலா ராணி சுங்கத்தும் சேர்ந்து புதுக்கோட்டை எழுத்தறிவு இயக்கத்தைப் பற்றி ஒரு நூல் எழுதினார்கள். அதிகாரி ஒருவர் தன் மாவட்ட அனுபவத்தை ஆய்வாளரோடு சேர்ந்து இவ்வளவு விரிவாக எழுதிவைத்தது நம் நாட்டில் அரிது.

கற்றவர்கள் யார் என்பதில்தான் எனக்கு அதிக ஆர்வம். விவசாயக் கூலிப் பெண்கள், அங்கன்வாடி, பால்வாடி ஊழியர்கள், சத்துணவுப் பணியாளர்கள், கிராம சுகாதாரச் செவிலியர்கள், ஆசிரியைகள், கல்லுக்குப் பட்டை தீட்டும் பெண்கள், குவாரித் தொழிலாளிகள். பழைமையான குடும்பங்களிலிருந்து வந்த முஸ்லிம் இளம்பெண்களும் சாலையில் ஓட்டிப் போனார்கள். குடுமியான்மலைக் குவாரியில் வேலை செய்த பெண்கள் ஒருவருக்கொருவர் சைக்கிள் கற்றுக்கொடுத்தார்கள். அந்த இடம் பாதையை விட்டு ஒதுங்கியிருந்ததால், சைக்கிள் தெரியாதவள் அங்கேயே அடைபட்டுக் கிடக்க வேண்டும். உமையாள்வி நிலம் வாங்கிய அதே ஊர். எழுநூறு, எண்ணூறு ஆண்டு இடைவெளியில் அந்த ஊரின் இரண்டு வகைப் பெண்கள்: பெயரைக் கல்லில் வெட்டிய ஒருத்தி, கல்லையே உடைத்துக்கொண்டிருந்த பலர்.

லேடீஸ் சைக்கிளுக்கு நகரத்தில் அடித்துப்பிடித்து வியாபாரம். ஒரு கடையில் மட்டும் ஒரே ஆண்டில் விற்பனை மூன்று மடங்குக்கு மேல் ஏறியது. கடையில் அந்த வகை தீர்ந்துபோனபோது ஆண்கள் சைக்கிளையே வாங்கினார்கள். அதில் அவர்களுக்கு ஒரு வசதியும் இருந்தது. முன்னால் உள்ள பாரில் பிள்ளையை உட்காரவைக்கலாம், பின்னால் கேரியரில் தண்ணீர்க் குடமோ காய்கறிக் கூடையோ கட்டலாம். இந்த ஒரு விவரத்தில் அந்தப் பெண்களின் முழு வாழ்க்கையும் தெரிகிறது. சைக்கிள் அவர்களுக்கு உலாப் போகும் வண்டி இல்லை. பிள்ளை, குடம், கூடை மூன்றையும் சுமந்தபடிதான் அந்த விடுதலை வந்தது. யூனிசெப் நிறுவனம் அறிவொளிப் பெண் ஊழியர்களுக்கு 50 மொபெட் கொடுத்தது. வங்கிகள் பெண்களுக்கு சைக்கிள் கடன் கொடுக்கும் அளவுக்கு நிர்வாகம் பின்னால் நின்றது.

ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் 1890-களில் பெண்கள் சைக்கிள் ஏறியபோது இதே கேலி, இதே அறிவுரைகள், உடல்நலம் கெடும் என்ற மருத்துவர்களின் எச்சரிக்கை எல்லாம் நடந்தன. பெண் வாக்குரிமைக்காகப் போராடிய சூசன் பி. ஆந்தனி, பெண் விடுதலைக்கு சைக்கிளைப் போல உதவியது வேறில்லை என்ற கருத்தை வெளிப்படையாகச் சொன்னவர். அங்கே அதை முதலில் வாங்க முடிந்தவர்கள் பெரும்பாலும் வசதியான நகரத்துப் பெண்கள். புதுக்கோட்டையில் தொடங்கியவர்கள் கூலிக்காரப் பெண்கள், அப்போதுதான் கையெழுத்துப் போடக் கற்றவர்கள். அந்த வேறுபாட்டை நாம் பெருமையோடு நினைவில் வைத்துக்கொள்ள வேண்டும்.

அவர்கள் என்ன அடைந்தார்கள்? முதலில் நேரம். பஸ்ஸுக்குக் காத்திருந்து வீணான அரைநாள் கைக்கு வந்தது. சந்தைக்குக் காய் கொண்டுபோகிறவள் ஒரு ஊரோடு நிற்காமல் இரண்டு மூன்று ஊர் சுற்றி விற்றுவர முடிந்தது. செவிலியர் பிரசவ வீட்டுக்கு யாரையும் துணைக்குக் கேட்காமல் போக முடிந்தது. கணக்கில் சேராத இன்னொன்றும் உண்டு. பக்கத்து ஊரில் கட்டிக்கொடுத்த மகளை, முடியாமல் கிடக்கும் ஆத்தாளை, மனசு நினைத்தபோது போய்ப் பார்த்துவிட்டு அடுப்புப் பற்றவைக்கும் நேரத்துக்குள் திரும்பிவிடலாம். யாரிடமும் கேட்க வேண்டியதில்லை. ஆய்வு நூல்கள் வருமானத்தைப் பற்றிப் பேசும். நான் பேச விரும்புவது, கேட்காமல் போய்வர முடிந்ததைப் பற்றி.

நிறைவேறாததையும் சொல்ல வேண்டும். சைக்கிள் கூலியை உயர்த்தவில்லை. நிலத்தின் பட்டாவில் பெண்ணின் பெயரை ஏற்றவில்லை. 1989-லேயே தமிழ்நாடு இந்து வாரிசுரிமைச் சட்டத்தைத் திருத்தி, அதுவரை மணமாகாத மகள்களுக்கும் பூர்வீகச் சொத்தில் சம பங்கு கொடுத்துவிட்டது. கிராமத்தில் அந்தப் பங்கைக் கேட்டு அண்ணன் தம்பி உறவை இழக்கத் துணிந்தவர்கள் குறைவு. 1999-ல் நித்யா ராவ் புதுக்கோட்டையின் சைக்கிள் பெண்களைப் பற்றி ஒரு ஆய்வுக் கட்டுரை எழுதினார். ஆரவாரம் அடங்கிய பிறகு மிஞ்சியது என்ன என்று கேட்கும் அக்கறையைப் புதுக்கோட்டைக்கு வந்துபோனவர்களில் வெகு சிலரிடமே பார்க்கிறேன். முன்பு ஆண் செய்துகொண்டிருந்த ரேஷன் கடை, டவுன் வேலை, மாவு மில் அலைச்சல் ஆகியவை சைக்கிள் தெரிந்ததும் பெண்ணின் தலையில் விழுவதற்கும் வாய்ப்பு இருந்தது. நான் அதை மறுக்க மாட்டேன். ஆனாலும் பாரம் கூடியது என்பதற்காகச் சக்கரத்தையே குறை சொல்லும் பேச்சை என்னால் ஏற்க முடியாது. பாரத்தைப் பகிர வேண்டியவர்கள் வீட்டில் உள்ள ஆண்கள்.

அந்தத் தலைமுறைக்குப் பிறகு அரசும் பாடம் படித்தது. 2001-02-ல் தமிழ்நாட்டில் ஆதிதிராவிடர், பழங்குடி மாணவிகளுக்குப் பதினொன்றாம் வகுப்பில் விலையில்லா சைக்கிள் கொடுக்கத் தொடங்கி, பிறகு எல்லா மாணவ மாணவியருக்கும் அதை விரித்தார்கள். பிகாரில் 2006-ல் ஒன்பதாம் வகுப்பு மாணவிகளுக்கு சைக்கிள் கொடுத்தபோது உயர்நிலைப் பள்ளியில் சேரும் பெண்கள் கணிசமாகக் கூடினர் என்று பொருளியலாளர்கள் கணக்கிட்டுக் காட்டினார்கள். 1996 உள்ளாட்சித் தேர்தலில் மூன்றில் ஒரு பங்கு இடங்களில் பெண்கள் ஊராட்சிக்கு வந்தார்கள். பின்னர் அது பாதியாக உயர்ந்தது. 2021 மே மாதத்திலிருந்து நகரப் பேருந்துகளில் பெண்களுக்குக் கட்டணமில்லாப் பயணம். இன்று கீரனூர்ச் சாலையில் ஸ்கூட்டியில் போகும் பெண்ணைத் திரும்பிப் பார்ப்பவர் யாருமில்லை. அவளுடைய அம்மாவோ அத்தையோ 1992-ல் முட்டி தேயக் கற்றவர்களாக இருக்கலாம் என்பதை அவள் அறிந்திருக்க வேண்டும் என்று விரும்புகிறேன். பாடப் புத்தகத்தில் முத்துலட்சுமி இருக்கிறார், இருக்கத்தான் வேண்டும். அவருக்குப் பக்கத்தில் இந்த ஒரு லட்சம் பேருக்கும் ஒரு பக்கம் ஒதுக்கலாம்.

ஒரு விஷயத்தை இந்தப் பகுதியில் வேண்டுமென்றே தொடாமல் விட்டிருக்கிறேன். சைக்கிள் கற்ற அதே ஆண்டுகளில், அதே ஆட்சியரின் காலத்தில், குவாரிகளை ஒப்பந்ததாரர்களிடமிருந்து எடுத்து, அங்கே கல் உடைத்த பெண்களின் குழுக்களுக்கே குத்தகைக்குக் கொடுக்கும் முயற்சி நடந்தது. சைக்கிளைப் பார்த்துச் சிரித்தவர்கள் குவாரி விஷயத்தில் சிரிக்கவில்லை, கோபப்பட்டார்கள். ஏனென்றால் அங்கே கைமாறியது பணம். குத்தகை என்றால் என்ன, சட்டி தூக்கிய பெண்கள் லாரிக் கணக்குப் பார்க்கக் கற்றது எப்படி, அந்த ஏற்பாட்டை எதிர்த்தவர்கள் யார் என்பதை அடுத்த பகுதியில் எழுதுகிறேன்.

(தொடரும்)